செமியாக்குணமும் சில விரதங்களும்

நடந்தவை, நடந்த ஒழுங்கில்:

1. ஒரு வசந்த காலத்தில் என் வயிறு, என்னிடம் ஒரு வார்த்தை கேட்காமல், மூன்றாவது வாயோடு கடையைச் சாத்தத் தொடங்கியது.
2. குடும்ப டொக்டர் உறைப்பைக் குறைக்கச் சொன்னார். குறைத்தேன். வயிறு அதைக் கவனித்ததாகத் தெரியவில்லை.
3. அமிலத்தைக் குறைக்கும் குளிசை தந்தார். எரிவு கொஞ்சம் தணிந்தது. மற்றதெல்லாம் இருந்த இடத்திலேயே இருந்தது.
4. இரத்தம் பார்த்தார்கள், மூச்சுப் பார்த்தார்கள், ஸ்கான் பார்த்தார்கள், கடைசியில் தொண்டை வழியே கமரா விட்டுப் பார்த்தார்கள். எல்லாம் நோர்மல்.
5. இதற்கிடையில், நான் விரதம் இருப்பதாக அம்மா ஒரு பொய் சொன்னார்.
6. அந்தப் பொய்யைத் தேடி ஒரு மாப்பிள்ளை வந்தார்.
7. உண்மையைச் சொன்னது நானல்ல.

இப்படி எழுதுவது தொழில் பழக்கம். ஒரு நிறுவனத்தின் மென்பொருளில் பிழை தேடிக் கொடுப்பது என் வேலை. பிழையைப் பதியும்போது முதலில் என்ன நடந்தது என்று எழுத வேண்டும். ஏன் நடந்தது என்பதைப் பிறகு பார்க்கலாம். என் வயிற்று விஷயத்தில் அந்தப் பிறகு வருவதற்கு நிறைய நாள் எடுத்தது. வந்தபோதும் அரைகுறையாகத்தான் வந்தது.

பிழையின் விவரம் இது. முதல் இரண்டு வாய் சோறு வழமைபோல் இறங்கும். மூன்றாவதில், ஒரே நாளில் இரண்டு கலியாணவீட்டிலும் ஒரு செத்தவீட்டு அந்தியேட்டியிலும் சாப்பிட்டு வந்தவள் போல மேல்வயிறு நிரம்பிவிடும். அதன் பிறகு நெஞ்சுக்குழிக்குக் கீழே ஓர் எரிவு. அதன் பிறகு ஏப்பம், அதுவும் சாதாரண ஏப்பம் அல்ல, அலுவலகக் கூட்டத்தில் ஒருவர் கடினமான கேள்வி கேட்டு எல்லோரும் அமைதியாக இருக்கும் நேரம் பார்த்து வருகிற ஏப்பம். வீட்டிலிருந்து வேலை செய்யும் நாட்களில் மியூட் பொத்தான் என் மானத்தைக் காப்பாற்றியது. அலுவலகத்துக்குப் போகும் நாட்களில் எனக்கு மானம் இருக்கவில்லை.

யாழ்ப்பாணத்துத் தமிழில் இதற்கு ஒரு சொல் உண்டு. செமியாக்குணம். நல்ல சொல்தான். ஆனால் அது நோயின் பெயர் மட்டுமல்ல, தீர்ப்பும்கூட. செமிக்காத எதையோ சாப்பிட்டிருக்கிறாய் என்று அதற்குள் ஒரு குற்றச்சாட்டு இருக்கிறது. எங்கே சாப்பிட்டாய் என்பது அடுத்த கேள்வி. நான் சாப்பிடுவது அம்மாவிடம்.

அம்மா ஓடர் எடுத்துச் சமைத்துக் கொடுப்பவர். அம்மாவும் அப்பாவும் புலம்பெயர்ந்து வந்த ஸ்காபரோவில் எங்கள் வீட்டு பேஸ்மென்ற்றில் இரண்டாவது அடுப்பு ஒன்று இருக்கிறது. பிறந்தநாள், பெண்பிள்ளை பெரியவளான சாமத்தியவீடு, புதுவீடு குடிபூரல், யாருடையதோ மகன் பட்டம் வாங்கியது, எல்லாவற்றுக்கும் அங்கேயிருந்துதான் ரோல்ஸும் பற்றிஸும் இடியப்பமும் போகும். அப்பா காரில் கொண்டுபோய்க் கொடுப்பார். கருத்துச் சொல்வது அவர் பொறுப்பில் இல்லை. இந்த ஊரில் விளம்பரம் என்பது வாய்ப் பேச்சுத்தான். தொழில் விழுவதும் அதே வாயால்தான்.

"சமைக்கிறவளின்ரை பிள்ளைக்கே வயித்துக்குள்ளை பிரச்சினையெண்டால் ஆர் வாங்குவினம்?" என்றார் அம்மா, முதல் நாளே. "வெளியிலை மூச்சு விடாதை."

விடவில்லை. அதனால் வைத்தியம் வீட்டுக்குள்ளேயே நடந்தது. காலையில் மல்லித்தண்ணி, மத்தியானம் சீரகத்தண்ணி, பின்னேரம் வேர்க்கொம்பு என்கிற சுக்கு, படுக்கப் போகும்போது ஓமம். கொஞ்ச நாளில் நான் நடமாடும் ரசமாகிவிட்டேன். ஒருநாள் அலுவலக லிஃப்டில் பக்கத்தில் நின்ற மனிதர், ஏனோ தெரியவில்லை, திடீரென்று பசிக்கிறது என்றார். எனக்குப் பசிக்கவில்லை.

குடும்ப டொக்டர் பிளாசா ஒன்றில், நகைக்கடைக்கும் விமானச் சீட்டு விற்பவருக்கும் நடுவில் இருக்கிறார். நிறை இறங்கியதா, சத்தி எடுத்தபோது இரத்தம் வந்ததா, விழுங்கக் கஷ்டமா, வலிக் குளிசைகள் அதிகம் போடுவதுண்டா என்று வரிசையாகக் கேட்டார். எல்லாவற்றுக்கும் இல்லை என்றேன். இல்லை என்று சொல்லச் சொல்ல அவர் முகம் தெளிந்துகொண்டு வந்தது. என் முகம் விழுந்துகொண்டு போனது. உறைப்பையும் கோப்பியையும் குறைக்கச் சொன்னார். வயிற்றில் ஏதும் கிருமி இருக்கிறதா என்று பார்க்க ஒரு பைக்குள் ஊத வைத்தார்கள். கிருமியும் இல்லை. எனக்கென்று ஒரு கிருமிகூட இல்லை.

பிறகு எனக்குத் தெரிந்த ஒரே வழியில் இறங்கினேன். ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றி, என்ன நடக்கிறது என்று பார்ப்பது. பால் நிறுத்தினேன். கோதுமை நிறுத்தினேன். பருப்பு, கத்தரிக்காய், தக்காளி. பருப்பு சாப்பிடாத கிழமையில் வயிறு கத்தியது. சாப்பிட்ட கிழமையில் சும்மா இருந்தது. ஒருநாள் வெறும் தண்ணீருக்கு எரிந்தது. மறுநாள் ஆட்டிறைச்சிக் கொத்துரொட்டிக்கு மறுப்பே சொல்லவில்லை. எங்கள் வேலையில் இப்படித் திரும்பவும் நிகழ்த்திக் காட்ட முடியாத பிழையைக் கொஞ்ச நாள் பார்த்துவிட்டு மூடிவிடுவோம். வயிற்றை மூட வழியில்லை. அது தானே மூடிக்கொண்டிருந்தது.

நான் நிறுத்த நிறுத்த, அம்மாவும் எதையோ மாற்றிக்கொண்டிருந்தார். அதை நான் அப்போது கவனித்தேன். அதன் அர்த்தத்தைக் கவனிக்கவில்லை. எண்ணெய் மாறியது. எத்தனையோ வருடமாகத் தானே வறுத்து இடித்த மிளகாய்த்தூளை விட்டுவிட்டுக் கடையில் பக்கெற் வாங்கினார். பொரித்த ரோல்ஸில் ஒன்றை உடைத்து, மூக்கருகே வைத்து, நெடுநேரம் மணந்து பார்ப்பார். நான் வந்தால் வாயில் போட்டு விழுங்கிவிடுவார்.

பொய் பிறந்தது ஒரு பிறந்தநாள் விழாவில். மண்டபம் பெரியது, சாப்பாடு அம்மாவினுடையது. நான் ஒரு கோழி ரோல்ஸை ரிஷுக் கடதாசியில் சுற்றிக் கையில் வைத்துக்கொண்டு, எந்தக் குப்பைத்தொட்டி ஆளில்லாமல் இருக்கிறது என்று பார்த்துக்கொண்டிருந்தேன். அப்போது, அஜின்கோர்ட் பக்கம் வீடு என்பதால் எல்லோருக்கும் அஜின்கோர்ட் அன்ரியானவர் வந்தார். அம்மாவின் ஓடர்களில் பாதி இந்த அன்ரியின் வாயால் வருபவை. கோயிலில் என்ன நடக்க வேண்டும், யார் வீட்டுக் கலியாணத்துக்கு யார் சமைக்க வேண்டும் என்பதெல்லாம் இவரைக் கேட்டுத்தான் முடிவாகும். விரதங்களுக்கும் பெயர்போனவர். எந்த விரதமும் விடமாட்டார். விழாக்களில் எலுமிச்சைத் தண்ணீரோடு நின்று மற்றவர்கள் சாப்பிடுவதை மேற்பார்வை செய்வார்.

"என்ன பிள்ளை, அம்மாவின்ரை சாப்பாட்டை நீரே தொடேல்லை?"

தட்டத்தோடு பின்னால் வந்த அம்மா, ஒரு கணமும் யோசிக்காமல் சொன்னார்: "அவள் விரதம், அக்கா."

அன்று சனிக்கிழமை. மாதம் புரட்டாதி. சனீஸ்வரனுக்கு எள்ளெண்ணெய் எரித்து விரதம் இருக்கிற நாள். அம்மாவுக்கு அது முன்பே நினைவிருந்ததா, வாய் தவறி விழுந்தது சரியான நாளில் விழுந்ததா என்று இன்றுவரை கேட்கவில்லை. அப்பா மெதுவாக என் கையிலிருந்த ரிஷுவை வாங்கி, அந்தப் பக்கம் திரும்பி, சாட்சியத்தைச் சாப்பிட்டு முடித்தார்.

அதற்குப் பிறகு பொய் தானாக வளர்ந்தது. சைவர்களின் நாட்காட்டியைப் போல வயிற்று நோயாளிக்கு வசதியான ஒன்று உலகத்தில் இல்லை. புரட்டாதிச் சனி முடிய கேதாரகௌரி விரதம். அது முடிய கந்தசஷ்டி. பிறகு பிள்ளையார் பெருங்கதை, அதை விட்டால் திருவெம்பாவை. இடையில் ஓட்டை விழுந்தால் வெள்ளிக்கிழமை இருக்கவே இருக்கிறது. எந்த விழா வந்தாலும் அம்மாவிடம் ஒரு விரதம் தயாராக இருந்தது. கோயிலுக்குப் பொங்கல் புக்கைக்காகவும் வடைக்காகவும் மட்டும் போய் வந்தவள் நான்; இப்போது அவை இரண்டும் இறங்காத நேரம் பார்த்துப் பக்தையாகிவிட்டேன்.

இதில் நானும் அம்மாவும் ஒரு விஷயத்தை மறந்துபோனோம். கலியாணமாகாத பெண் கேதாரகௌரியும் இருந்து கந்தசஷ்டியும் இருந்தால், எங்கள் ஆட்கள் அதற்கு ஒரே ஒரு காரணம்தான் எடுத்துக்கொள்வார்கள். பிள்ளை மாப்பிள்ளை கேட்டு நேர்ந்திருக்கிறாள். கடவுள் காது கேளாமல் இருந்தாலும் அஜின்கோர்ட் அன்ரிக்குக் கேட்டுவிட்டது. அவருக்கு ஒரு மகன் இருந்தார். இந்த நாட்டில் பிறந்து இப்படி ஒழுங்காக விரதம் பிடிக்கிற பெண் கிடைப்பது பெரிய காரியம் என்றும், தைப்பொங்கல் கழிய மகனோடு வீட்டுக்கு வருவதாகவும் அம்மாவுக்குக் கோல் எடுத்துச் சொன்னார்.

அம்மா ஃபோனை வைத்துவிட்டு வெங்காயம் வெட்டப் போனார். வேண்டாம் என்றால் அன்ரி போவார், அன்ரியோடு ஓடர்கள் போகும். உண்மையைச் சொன்னால் சமையலின் பெயரே போகும். நான் சொல்லிவிடலாம் என்றேன். அம்மா கத்தியை நிறுத்தவில்லை.

கமராவுக்கு நாள் கிடைத்தது அந்த மார்கழியில்தான். என் வயதுக்கு அது தேவையில்லை என்றுதான் டொக்டர் முதலில் சொன்னார். மாதக்கணக்காகக் குளிசை போட்டும் தீராததாலும், கமரா விட்டே ஆக வேண்டும் என்று அம்மா என் மூலமாக விடாமல் சொல்லிக்கொண்டிருந்ததாலும் அனுப்பினார். மயக்க மருந்து தருவதால் கூட்டிப்போக ஆள் வேண்டும். அம்மா, அப்பா இருவரும் வந்தார்கள். அம்மா தாதிமாருக்கென்று ஒரு பெட்டி சூடான பற்றிஸ் கொண்டுவந்திருந்தார். முதல் நாளிலிருந்து பட்டினியில் கிடந்த ஒரு வரிசை மனிதர்களுக்கு நடுவில் அந்தப் பெட்டியைத் திறந்தார். அவர்கள் எல்லோரும் ஒரே நேரத்தில் தலை திருப்பியதைப் பார்த்தபடியே நான் உள்ளே போனேன்.

விழித்தபோது எல்லாம் நன்றாக இருக்கிறது என்றார்கள். அம்மா அதை நம்ப மறுத்தார்.

"ஒண்டுமில்லையோ? வடிவாப் பாத்தவையோ? ஒரு சின்னப் புண்ணாவது?"

அடுத்த மாதம் கமரா விட்டுப் பார்த்த விசேட டொக்டரிடம் பேசப் போனபோது அம்மாவும் உள்ளே வந்தார். மெலிந்த, வேகமாகப் பேசுகிற பெண்மணி. வயிறு என்பது ஒரு பை, சாப்பாடு வரும்போது அது தளர்ந்து இடம் கொடுக்க வேண்டும், என்னுடையது போதுமான அளவு தளர்வதில்லை என்றார். அதோடு, வயிற்றிலிருந்து மூளைக்குச் செய்தி கொண்டுபோகிற நரம்புகள் சின்னச் செய்தியையும் கத்திச் சொல்கின்றன. கமராவுக்குப் புண் தெரியும், கட்டி தெரியும், நடத்தை தெரியாது. இதற்குச் செயற்பாட்டுச் செமியாக்குணம் என்று பெயர். ஏன் வந்தது என்று பல பேருக்குச் சொல்ல முடிவதில்லை. சில பேருக்கு ஒரு வயிற்றுக் கிருமித் தொற்றுக்குப் பிறகு வரும். சில பேருக்கு அதுவுமில்லாமல் வரும். பொய்யான நோயல்ல.

எனக்கு அது உடனே விளங்கியது. இயந்திரம் சரி, சமிக்ஞைதான் பிழை. இப்படியான பிழைகளோடு நான் சம்பளத்துக்கு வாழ்கிறேன்.

செய்ய வேண்டியவற்றையும் சொன்னார். கொஞ்சமாக, அடிக்கடி, ஆறுதலாகச் சாப்பிடுவது. கொழுப்பைக் குறைப்பது, ஏனென்றால் கொழுப்பு வயிற்றில் அதிக நேரம் குந்தியிருக்கும். வயிற்றால் மூச்சு விடப் பழகுவது. ஒவ்வொரு சாப்பாடாக நிறுத்திக் குற்றவாளி தேடும் வேலையை விட்டுவிடுவது. இரவில் ஒரு குளிசை. மனச்சோர்வுக்கென்று வந்த மருந்து, மிகச் சின்ன அளவில் கொடுத்தால் கத்துகிற நரம்பை அமர்த்தும். வேலை செய்யக் கிழமைகள் ஆகும். முழுதாகச் சரிவரும் என்று வாக்குத் தர மாட்டேன் என்றார். அவ்வளவு காலத்தில் எனக்கு ஒருவர் தந்த மிக நேர்மையான பதில் அதுதான்.

நான் எழும்பப் போனேன். அம்மா என் முழங்கையைப் பிடித்தார்.

"அவவைக் கேள். என்ரை சமையலாலையோ எண்டு."

எண்ணெய் மாறியது, பக்கெற் தூள் வந்தது, ரோல்ஸை மணந்து பார்த்தது எல்லாம் அந்த இடத்தில்தான் எனக்கு ஒன்றாகச் சேர்ந்தது. ஊர் வாய்க்காகத்தான் அம்மா பயந்தார் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். அம்மா பயந்தது தன் கைக்கு.

மொழிபெயர்த்தேன். டொக்டர் பேனையை வைத்துவிட்டு, என்னைப் பார்க்காமல் அம்மாவைப் பார்த்து, இல்லை என்றார். வேறு யார் சமைத்திருந்தாலும் இது வந்திருக்கும் என்றார்.

"இல்லையாம், அம்மா."

"வடிவாக் கேட்டனியோ?"

"ஓம்."

"திருப்பிக் கேள்."

திருப்பிக் கேட்டேன். டொக்டர் முகத்தில் ஒரு சலிப்பும் இல்லாமல் அதையே திருப்பிச் சொன்னார். அம்மா கைப்பையைத் திறந்தார். ஒன்றையும் எடுக்காமல் மூடினார்.

வீட்டுக்கு வந்து குளிசைப் போத்தலைக் கையில் வைத்து உருட்டியபோதுதான் அம்மாவுக்குப் பழைய குரல் திரும்பியது.

"உது விசர் மருந்தெல்லே? பைத்தியத்துக்குக் குடுக்கிறது?"

"சின்ன அளவு, அம்மா. வயித்து நரம்புக்கு."

"அப்ப விசர் உனக்கில்லை. வயித்துக்கு."

இதைவிடச் சுருக்கமாக யாரும் அந்த நோயை விளக்கி நான் கேட்டதில்லை.

அன்ரியும் மகனும் ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்தார்கள். அம்மாவின் கெட்டகாலம், அது பஞ்சாங்கத்தில் ஒன்றுமே இல்லாத ஞாயிறு. மகன் நல்ல மனிதர் போலத்தான் இருந்தார். வந்து இருந்ததும் மரக்கறி ரோல்ஸில் கை வைத்தவர், அதன் பிறகு அதிகம் பேசவில்லை. அன்ரி வழமைபோல எலுமிச்சைத் தண்ணீர் மட்டும் போதும் என்றார். மேசைக்கு வந்தபோது என் முன்னால் அம்மா ஒரு சின்னத் தட்டு வைத்தார்: ஓர் இடியப்பம், கொஞ்சம் தேங்காய்ப்பால் சொதி. அன்ரியின் கண் அந்தத் தட்டில் நின்றது.

"இண்டைக்கு என்ன விரதம், பிள்ளை?"

அப்பா கூரையைப் பார்த்தார். நான் வாயைத் திறந்தேன். அதற்குள் அம்மா அகப்பையைச் சொதிக்குள் வைத்துவிட்டு நிமிர்ந்தார்.

"விரதமொண்டுமில்லை, அக்கா. ஒருநாளும் இருந்ததுமில்லை. பிள்ளைக்குச் செமியாக்குணம். கமரா விட்டும் பாத்தாச்சு. வயிறு நல்ல வயிறு, நரம்புதான் கூடிச் சத்தம் போடுது. என்ரை சமையலாலை இல்லையாம். ரண்டு தரம் கேட்டனான்."

அன்ரி என்ன மருந்து என்று கேட்டார். ஒருமுறை உண்மை பேசத் தொடங்கிய அம்மாவுக்கு நிறுத்தத் தெரியவில்லை. மனசுக்குக் குடுக்கிற மருந்துதான், ஆனால் சின்ன அளவு என்று அதையும் சொன்னார். மகன் இன்னொரு ரோல்ஸ் எடுத்தார். பிறகு பேச்சு அந்த வருடத்துப் பனியைப் பற்றியும், தெருவுக்கு உப்புப் போடாததைப் பற்றியும் போனது. கலியாணத்தைப் பற்றி யாரும் பேசவில்லை. பிறகு கோல் எடுக்கிறேன் என்று அன்ரி எழும்பினார். எங்கள் சமூகத்தில் அந்த வசனத்துக்கு இரண்டாவது அர்த்தம் கிடையாது.

அம்மா மிச்சச் சாப்பாட்டைப் பெட்டியில் போட்டுக்கொடுக்கக் குசினிக்குள் போனார். மகன் காரைச் சூடாக்கப் போனார். வாசலில் சப்பாத்துப் போட்டுக்கொண்டிருந்த அன்ரி, குனிந்தபடியே, என்னைப் பார்க்காமல் கேட்டார்.

"உந்தக் குளிசையின்ரை பேரென்ன?"

எனக்கு முதலில் விளங்கவில்லை.

"எனக்கும் மூண்டு வாய்க்கு மேலை இறங்காது, பிள்ளை. கன காலம்."

"டொக்டரிட்டைச் சொன்னனீங்களோ, அன்ரி?"

"ஆரிட்டைச் சொல்லுறது? விரதம் எண்டால் ஒருத்தரும் ஒண்டும் கேக்க மாட்டினம்."

ஸ்காபரோவின் மிகப் பெரிய பக்தை தன் இடது சப்பாத்தின் கயிற்றை இறுக்கிக் கட்டினார். எத்தனை சஷ்டி, எத்தனை சனி, எத்தனை எலுமிச்சைத் தண்ணீர். என் அம்மா ஒரு நொடியில் கண்டுபிடித்த பொய்யை இவர் எவ்வளவு காலத்துக்கு முன்பே கண்டுபிடித்து, ஒரு பிசகும் இல்லாமல் நடத்திவந்திருக்கிறார் என்று நினைக்க எனக்குத் தொழில்முறை மரியாதை வந்தது. என் குளிசை அவருக்கானதாக இருக்காமல் போகலாம் என்றும், அவர் வயதுக்கு முதலில் உள்ளே பார்ப்பார்கள், தள்ளிப்போடாமல் டொக்டரிடம் சொல்லுங்கள் என்றும் சொன்னேன். ஓம் என்றார். அம்மாவிடம் சொல்ல வேண்டாம் என்றார். இந்தக் கட்டுரையில் ஒருவருக்கும் பெயர் இல்லாததற்கு அதுவும் ஒரு காரணம்.

இன்றைய நிலை இது. வயிறு முழுதாகச் சரியில்லை, முன்னையைவிடப் பரவாயில்லை. அரை ரோல்ஸ் இறங்குகிறது, நல்ல நாளில் ஒன்று. கெட்ட நாட்கள் காரணம் சொல்லாமல் வருகின்றன, சொல்லாமல் போகின்றன. நான் விசாரிப்பதை விட்டுவிட்டேன். குளிசை தொடர்கிறது. கலியாணப் பேச்சு இல்லை. அன்ரி ஒரு சாமத்தியவீட்டு ஓடரை அம்மாவுக்குப் பிடித்துத் தந்தார். அவருக்குக் கமராவுக்கு நாள் கிடைத்திருக்கிறது. பக்கெற் தூள் குப்பைக்குப் போய்விட்டது. அம்மா மறுபடியும் தன் தூளைத் தானே வறுக்கிறார், வீடு முழுக்க எல்லோரும் தும்முகிறோம்.